நீறு பூத்த நெருப்பு: வெளியில் விறகடுப்பு மூட்டுகிறீர்களா? அணைத்த பிறகுதான் உண்மையான ஆபத்து!

மொட்டை மாடியில் விறகடுப்பு பிரியாணி, பண்ணை வீட்டில் நாட்டுக்கோழிக் குழம்பு, ஏற்காடு, கொடைக்கானல் ட்ரிப்பில் இரவு பார்பிக்யூ... வீக்எண்ட் என்றாலே ரீல்ஸ் முழுக்க இப்போது புகையும் தீயும்தான். ஆன்லைனில் தேடினால் மடக்கி பையில் வைத்துக்கொள்ளும் ஸ்டீல் விறகடுப்பு முதல் மண் அடுப்பு வரை வீட்டுக்கே டெலிவரி ஆகிறது.

சரி, ஒரு சின்னக் கேள்வி. திறந்தவெளியில் விறகடுப்பு மூட்டிச் சமைக்கும்போது எந்த நேரம் மிக ஆபத்தானது?

"தீ நல்லா கொழுந்துவிட்டு எரியும்போதுதான்" என்பது பெரும்பாலானவர்களின் பதிலாக இருக்கும். தீ எரியும்போது ஆபத்து இருக்கிறதுதான். ஆனால் அப்போது எல்லோருடைய கண்ணும் அதன் மேல் இருக்கிறது. குழந்தை பக்கத்தில் போனால் நாலு பேர் ஒரே நேரத்தில் கத்துவார்கள். சாப்பாடு முடிந்து, தீ அடங்கி, வெறும் சாம்பல் மாதிரி தெரியும்போது யாரும் அந்தப் பக்கம் திரும்பிக்கூடப் பார்ப்பதில்லை. கவனிக்காமல் விட்டால் காலைச் சுடுவதும், காட்டைக் கொளுத்துவதும், தூக்கத்திலேயே உயிரை எடுப்பதும் பெரும்பாலும் அந்த நேரத்தில்தான்.

'நீறு பூத்த நெருப்பு' என்று சும்மாவா சொன்னார்கள்? அதன் அர்த்தத்தை அறிவியல் கண்ணோடு ஒருமுறை பார்த்துவிடலாம்.

விறகு எப்படி எரிகிறது?

நாம் பார்க்கும் கொழுந்து, விறகு எரிவதால் நேரடியாக வருவதில்லை. விறகு சூடாகும்போது முதலில் அதில் உள்ள ஈரம் ஆவியாகிறது. சூடு 200, 300 டிகிரி செல்சியஸை நெருங்கும்போது மரம் சிதைந்து, எரியக்கூடிய வாயுக்களை வெளியிடுகிறது. அந்த வாயுக்கள் காற்றோடு கலந்து எரிவதுதான் கொழுந்து.

வாயு எல்லாம் தீர்ந்ததும் மிஞ்சுவது கரி. கொழுந்து இல்லாமல் சிவப்பாக மின்னிக்கொண்டே எரியும் அதைத்தான் தணல், கங்கு என்கிறோம். தணலின் சூடு பல நூறு டிகிரி. அது எரிய நிறைய காற்று வேண்டாம், கொஞ்சம் கிடைத்தாலே போதும். மேலே சாம்பல் படிந்துவிட்டால் அந்தச் சாம்பலே கம்பளி போர்த்திய மாதிரி சூட்டை உள்ளேயே பிடித்து வைத்துக்கொள்ளும்.

தீப்பெட்டியை மிச்சப்படுத்திய காலத்தில் கிராமத்துப் பாட்டிகள் இதைத்தான் பயன்படுத்திக்கொண்டார்கள். ராத்திரி சமையல் முடிந்ததும் நல்ல தணலாகப் பார்த்து ஒதுக்கி, சாம்பலைப் போட்டு மூடிவிடுவார்கள். விடிந்ததும் சாம்பலை விலக்கி, நாலு தென்னை நாரை வைத்து ஊதுகுழலால் ஊதினால் அடுப்பு தயார்.

அதாவது, தணலை மூடுவது என்பது அதை அணைக்கும் வழி அல்ல. நாளைக்கு எடுத்து வைக்கும் வழி.

"மண்ணை அள்ளிப் போட்டா போதாதா?"

போதாது. கேம்ப் போகிறவர்களும் பண்ணை வீட்டில் சமைப்பவர்களும் கிளம்பும்போது காலால் மண்ணைத் தள்ளி அடுப்பை மூடிவிட்டுப் போவதைப் பார்த்திருப்பீர்கள். பார்க்க சுத்தமாக இருக்கும். தீ தெரியாது, புகை வராது. ஆனால் பாட்டி செய்ததையேதான் இவர்களும் செய்கிறார்கள். சாம்பலுக்குப் பதில் மண், அவ்வளவுதான் வித்தியாசம்.

ஆஸ்திரேலியாவின் பிரிஸ்பேன் நகரில் குழந்தைகளின் தீக்காயங்களுக்குச் சிகிச்சை அளிக்கும் மருத்துவர்கள் 2000-களின் தொடக்கத்தில் இதை ஆராய்ந்தார்கள். கேம்ப்ஃபயரில் காயம்பட்டு வந்த குழந்தைகளில் பெரும்பாலானவர்கள் தீ எரிந்துகொண்டிருந்தபோது காயம்பட்டவர்கள் இல்லை. முதல்நாள் இரவு 'அணைத்துவிட்டுப்' போன இடத்தை மறுநாள் காலையில் மிதித்தவர்கள், அல்லது அங்கே விழுந்தவர்கள்.

அதோடு நிற்காமல், தீ மூட்டி இரண்டு வழிகளில் அணைத்து வெப்பத்தை அளந்தும் பார்த்தார்கள். மண் போட்டு மூடிய தீ 8 மணி நேரம் கழித்தும் தோலை வேக வைக்கும் சூட்டில் இருந்தது. தண்ணீர் ஊற்றிய தீ சில நிமிடங்களிலேயே அடங்கிவிட்டது.

இதன் விளைவை யோசித்துப் பாருங்கள். 70 டிகிரி சூடுள்ள பொருள் ஒரு நொடி தோலில் பட்டாலே ஆழமான காயம் உண்டாகும். எரியும் தீயில் யாரும் காலை வைக்க மாட்டார்கள். மண் மேடாகத் தெரியும் இடத்தில் குழந்தைகள் ஓடி விளையாடுவார்கள். உங்களுக்குப் பிறகு அந்த இடத்துக்கு வரும் குடும்பத்துக்கு அங்கே அடுப்பு எரிந்ததே தெரிந்திருக்காது.

அப்போ எப்படித்தான் அணைப்பது?

மூன்றே வார்த்தைதான்: ஊற்று, கிளறு, தொட்டுப் பார்.

தரையில் மூட்டிய அடுப்பு என்றால்:

1. கிளம்புவதற்கு அரை மணி நேரம் முன்பே புது விறகு வைப்பதை நிறுத்துங்கள். இருப்பது எரிந்து அடங்கட்டும்.

2. எரியாமல் மிஞ்சிய கட்டைகளைத் தனித்தனியாகப் பிரித்து வையுங்கள். கட்டைகள் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டிருக்கும் வரை ஒன்றின் சூட்டில் இன்னொன்று எரியும். பிரித்தாலே பாதி அடங்கும்.

3. காற்று உங்கள் முதுகுப் பக்கமிருந்து வரும்படி நின்றுகொண்டு, ஓரத்திலிருந்து மெதுவாகத் தண்ணீர் ஊற்றுங்கள். ஒரேயடியாகக் கவிழ்த்தால் கொதிக்கும் நீராவியும் சாம்பலும் முகத்துக்கு வரும். 'உஸ்ஸ்' சத்தம் நிற்கும் வரை ஊற்ற வேண்டும்.

4. கம்பாலோ மண்வெட்டியாலோ நன்றாகக் கிளறுங்கள். அடியில் இருக்கும் தணல் மேலே வரும். மறுபடி ஊற்றுங்கள். எல்லாம் சேறு மாதிரி ஆகிவிட வேண்டும்.

5. புறங்கையை மேலே காட்டிப் பாருங்கள். சூடு தெரியவில்லை என்றால் அருகே கொண்டுபோய், கடைசியில் தொட்டுப் பாருங்கள். தொட முடியாத சூடு இருந்தால் விட்டுவிட்டுப் போகவும் முடியாது. ஊற்றுவதையும் கிளறுவதையும் திரும்பச் செய்யுங்கள்.

மண் அடுப்பிலோ மொட்டை மாடியிலோ இந்த வழி சரிப்படாது. சூடான மண் அடுப்பில் தண்ணீர் ஊற்றினால் வெடித்து விரிசல் விடும். சூடான தளத்திலும் அப்படித்தான். அங்கே தணலை இடுக்கியால் ஒவ்வொன்றாக எடுத்து, தண்ணீர் உள்ள இரும்பு வாளியில் போடுங்கள். பிளாஸ்டிக் வாளி வேண்டவே வேண்டாம். மடக்கும் ஸ்டீல் அடுப்பு என்றால் முழுசாக எரிந்து முடிய விட்டு, மிச்சத்தை அதே இரும்பு வாளியில் கொட்டுங்கள். அடுப்பு ஆறும் வரை பையில் வைக்காதீர்கள்.

சாம்பலை அன்றைக்கே குப்பைத் தொட்டியில் போடுவதும் தவறு. சாம்பலுக்குள் பதுங்கிய கங்கு ஒரு நாளைத் தாண்டியும் உயிரோடு இருக்கலாம். பேப்பரும் பிளாஸ்டிக்கும் நிறைந்த தொட்டியில் அது விழுந்தால் என்ன ஆகும் என்று சொல்ல வேண்டியதில்லை. தண்ணீர் விட்டு நனைத்து, மூடியுள்ள உலோகப் பாத்திரத்தில் ஓரிரு நாள் வெளியிலேயே வைத்துவிட்டு அப்புறம் போடுங்கள்.

"குளிருது, தணலை உள்ளே எடுத்துட்டுப் போகலாமா?"

கூடாது. இந்தக் கட்டுரையில் ஒரே ஒரு விஷயத்தைத்தான் நினைவில் வைத்துக்கொள்ள முடியும் என்றால், அது இதுவாக இருக்கட்டும்.

2024 ஆகஸ்டில் கொடைக்கானலுக்குச் சுற்றுலா வந்த இரண்டு இளைஞர்கள் தாங்கள் தங்கியிருந்த அறையிலேயே தூக்கத்தில் இறந்துபோனார்கள். இரவு பார்பிக்யூ சமைத்த கரி அடுப்பு அறைக்குள் இருந்தது. அறை தீப்பிடிக்கவில்லை. யாருக்கும் தீக்காயம் இல்லை. உயிரைப் பறித்தது புகை.

எப்படி? கரியும் தணலும் போதிய காற்று இல்லாமல் எரியும்போது கார்பன் மோனாக்சைடு என்ற வாயு அதிகமாக உருவாகிறது. இதற்கு நிறம் கிடையாது, வாசனை கிடையாது. கொழுந்து எரியும் அடுப்பாவது புகைந்து, கண்ணை எரித்து, இருமல் வரவைத்து நம்மை வெளியே துரத்திவிடும். தணல் அப்படி எதுவும் செய்யாது. கதகதப்பாக, அமைதியாக, பார்க்க அழகாக இருக்கும். ஆபத்தே அதுதான்.

நம் ரத்தத்தில் ஆக்சிஜனைச் சுமந்து செல்வது ஹீமோகுளோபின். ஆக்சிஜனைவிட 200 மடங்குக்கும் மேல் இறுக்கமாக கார்பன் மோனாக்சைடு அதோடு ஒட்டிக்கொள்கிறது. ஆக்சிஜனுக்கு இடமே கிடைக்காது. முதலில் தலைவலி, குமட்டல், தலைசுற்றல், அசதி. மலைப்பிரதேசத்தில் நாள் முழுக்கச் சுற்றிவிட்டு வந்தவர்களுக்கு இது எதுவும் விசேஷமாகத் தெரியாது. "டயர்டா இருக்கு, தூங்கினா சரியாயிடும்" என்றுதான் தோன்றும். தூங்கிவிட்டால் எழுப்ப யாரும் இல்லை, ஏனென்றால் அறையில் உள்ள எல்லோருக்கும் அதே நிலைமைதான்.

இதில் வழக்கமாக வரும் சந்தேகங்கள்:

"ஜன்னலைக் கொஞ்சம் திறந்து வெச்சா?" போதாது. ஒரு கீற்று ஜன்னல் வழியே எவ்வளவு காற்று வரும், எவ்வளவு வாயு போகும் என்பது யார் கையிலும் இல்லை.

"டென்ட் துணிதானே, காற்று போகுமே?" டென்ட் துணி மழையையும் காற்றையும் தடுக்கத்தான் தைக்கப்பட்டிருக்கிறது. டென்டுக்குள் மட்டுமல்ல, அதன் வாசல் தாழ்வாரத்திலும் அடுப்பு கூடாது.

"கார்ல வெச்சு ஏசி போட்டா?" கூடாது. கார் என்பது இன்னும் சின்ன அறை.

"அணைச்சுட்டுத்தான் உள்ளே வெச்சோம்." தொட்டுப் பார்த்தீர்களா? வெளியே சாம்பல் பூத்த கரி உள்ளே எரிந்துகொண்டேதான் இருக்கும். மழை வந்தாலும் அடுப்பை வெளியிலேயே விட்டுவிடுங்கள். நனைந்தால் காய வைத்துக்கொள்ளலாம்.

ஒரே இடத்தில் இருப்பவர்களில் இரண்டு, மூன்று பேருக்கு ஒரே நேரத்தில் தலை வலித்தால் உடனே சந்தேகப்படுங்கள். எல்லோரையும் வெளியே கொண்டுவந்து 108-க்கு போன் செய்யுங்கள். வெளிக்காற்றில் கொஞ்சம் தெளிந்த மாதிரி இருந்தாலும் மருத்துவமனைக்குப் போயே ஆக வேண்டும். ரத்தத்தில் ஒட்டிய கார்பன் மோனாக்சைடு சாதாரணக் காற்றில் பாதியாகக் குறையவே பல மணி நேரம் ஆகும். அங்கே கொடுக்கப்படும் ஆக்சிஜன்தான் அதைச் சீக்கிரம் வெளியேற்றும்.

சரி, இடத்தைத் தேர்ந்தெடுப்பது எப்படி?

அணைப்பது சுலபமாக இருக்க வேண்டுமென்றால், மூட்டும் இடம் சரியாக இருக்க வேண்டும்.

சுற்றிலும் 10 அடிக்குச் சருகு, காய்ந்த புல், வைக்கோல் எதுவும் இருக்கக் கூடாது. கூட்டித் தள்ளிவிடுங்கள். டென்ட், கார், கீற்றுக் கொட்டகை, சுவர் எல்லாவற்றிலிருந்தும் குறைந்தது 15 அடி தள்ளி இருக்கட்டும். தலைக்கு மேலேயும் பாருங்கள். தாழ்ந்த கிளை, கீற்று, ஷாமியானா, மின்கம்பி எதுவும் வேண்டாம்.

மரத்தடி நிழல் வசதிதான். ஆனால் வேர் தீப்பிடித்தால் வெளியே தெரியாமலே மண்ணுக்கடியில் புகைந்து நகரும். யூகலிப்டஸ், பைன் மரங்களின் அடியில் அடுக்கடுக்காகக் கிடக்கும் சருகில் எண்ணெயும் பிசினும் உண்டு. ஊட்டி, கொடைக்கானல் பக்கம் போகிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

ஆற்றங்கரையில் கூழாங்கல்லை வைத்து அடுப்பு கூட்டுவது படத்துக்கு அழகு. ஈரம் ஊறிய கல்லுக்குள் இருக்கும் தண்ணீர் நீராவியாகி, வெளியேற வழியில்லாமல் கல்லையே வெடிக்க வைக்கும். காய்ந்த செங்கல் எடுத்துப் போங்கள். மூன்று போதும்.

மொட்டை மாடி என்றால் தளத்தின் மேல் நேரடியாகத் தீ மூட்டாதீர்கள். கான்கிரீட்டில் உள்ள ஈரமும் சூட்டில் இதே வேலையைச் செய்யும். மேல்பூச்சு பெயர்ந்து தெறிக்கும், மழைநீர் இறங்காமல் இருக்கப் போட்ட வாட்டர்ப்ரூஃப் பூச்சும் போய்விடும். செங்கல் அடுக்கி, மேலே நாலு விரல் உயரத்துக்கு மணல் பரப்பி, அதன்மேல் அடுப்பை வையுங்கள். பிளாஸ்டிக் தண்ணீர் தொட்டி, கேபிள், துணிக்கொடி ஆகியவற்றிலிருந்து தள்ளியே இருக்கட்டும். அடுக்குமாடியில் அசோசியேஷனிடம் முதலில் கேட்டுவிடுங்கள். பக்கத்து பிளாட்டில் ஆஸ்துமா உள்ள ஒருவர் இருக்கலாம்.

காற்று பலமாக வீசினால் அன்றைக்கு கேஸ் அடுப்பு பிரியாணி. தப்பே இல்லை.

பெட்ரோல் ஊற்றிப் பற்றவைப்பவரா நீங்கள்?

நிறுத்திவிடுங்கள். பெட்ரோல் ஊற்றியதும் எரிவது அந்தத் திரவம் அல்ல, அதிலிருந்து கிளம்பும் ஆவி. அந்த ஆவி காற்றைவிடக் கனமானது என்பதால் தரையோடு தரையாகப் பரவி உங்கள் காலடி வரை வந்திருக்கும். தீக்குச்சியை உரசும்போது அடுப்பு மட்டும் பற்றாது, நீங்கள் நிற்கும் இடமும் சேர்ந்து பற்றும்.

இன்னும் மோசம், பாதியில் அடங்கும் அடுப்பில் பாட்டிலிலிருந்து பீய்ச்சுவது. தீ அந்தத் தாரையில் ஏறி பாட்டிலுக்கே வந்துவிடும். சானிடைசருக்கும் இதே கதைதான். அதில் பாதிக்கும் மேல் ஆல்கஹால், அது எரியும் தீ வெயிலில் கண்ணுக்கே தெரியாது.

பற்றவைக்க ஒரு கற்பூரம், கொஞ்சம் தேங்காய் நார், காய்ந்த பன்னாடை, சுள்ளி போதும். சுள்ளி நன்றாகப் பிடித்த பிறகு விரல் தடிமன் குச்சி, அப்புறம் கட்டை. அவசரப்பட்டு முதலிலேயே கட்டையைத் திணித்தால் புகைதான் வரும்.

எந்த விறகு நல்லது, எது கூடாது?

காய்ந்த விறகு, இதுதான் முதல் விதி. பச்சை மரத்தின் எடையில் பாதி வரை தண்ணீராக இருக்கலாம். அந்தத் தண்ணீரைக் காய்ச்சவே தீயின் சூடு செலவாகும். மிச்சம், உங்கள் நுரையீரலுக்குள் போகும் புகை. இரண்டு கட்டையை ஒன்றோடொன்று தட்டுங்கள். 'டக்' என்று கணீர் சத்தம் வந்தால் காய்ந்தது. மந்தமாக வந்தால் ஈரம்.

சவுக்கு, புளி, கருவேலம் மூன்றும் நின்று எரியும். கல்யாண வீட்டு பிரியாணி மாஸ்டர்கள் விறகுக் கடையில் கேட்டு வாங்குவதும் இந்த மாதிரி கட்டைதான். தென்னை மட்டையும் பனை ஓலையும் குபீரென்று பிடித்து பறக்கும் பொறியைக் கிளப்பும், எனவே தொடக்கத்துக்கு மட்டும் கொஞ்சமாக.

தவிர்க்க வேண்டியவை:

* பெயின்ட் அடித்த கதவு, ஜன்னல் சட்டம், பிளைவுட், பார்ட்டிகிள் போர்டு. இவற்றின் பெயின்ட், பசை, ரசாயனம் எல்லாம் புகையோடு வரும்.

* சரக்குப் பெட்டிகளுக்கு அடியில் வைக்கும் மர பேலட். அதன் மேல் உள்ள முத்திரையில் 'எம்பி' என்ற ஆங்கில எழுத்துகள் இருந்தால் மெத்தில் புரோமைடு என்ற பூச்சிக்கொல்லி வாயுவால் பதப்படுத்தியது. 'ஹெச்டி' என்றால் வெறும் சூட்டில் பதப்படுத்தியது. சந்தேகமாக இருந்தால் விட்டுவிடுங்கள்.

* அரளி. செடி முழுக்க நஞ்சு. விறகாகவும் வேண்டாம், கபாப் குத்தும் குச்சியாகவும் வேண்டாம்.

* தில்லை மரம். பிச்சாவரம் மாதிரி அலையாத்திக் காட்டுப் பகுதிகளில் வளர்வது. இதன் பால் கண்ணில் பட்டால் தற்காலிகமாகப் பார்வையே போகலாம். புகையும் கண்ணைப் பதம் பார்க்கும்.

* பிளாஸ்டிக் கவர், பால் பாக்கெட், டயர் துண்டு. போகிக்கு வேண்டாம் என்று சொல்வது எல்லா நாளுக்கும் பொருந்தும்.

விறகடுப்புக்கு நாப் கிடையாது

கேஸ் அடுப்பில் பழகிய நமக்கு இதுதான் பெரிய சிக்கல். எண்ணெய் புகைய ஆரம்பித்தால் கை தானாக நாபைத் தேடும். இங்கே அது இல்லை. தீயைக் குறைக்க விறகை வெளியே இழுக்க வேண்டும், அதற்குப் பிறகும் தணலின் சூடு உடனே குறையாது.

அதனால் பஜ்ஜி, சிக்கன் என்று எண்ணெய்ச் சட்டி வைப்பவர்கள் பாதி அளவுக்கு மேல் எண்ணெய் ஊற்ற வேண்டாம். சட்டிக்குப் பொருந்தும் தட்டு ஒன்று கைக்கெட்டும் தூரத்தில் இருக்கட்டும். எண்ணெயில் தீப்பிடித்தால் அந்தத் தட்டால் மூடி, விறகை இழுத்துவிட்டு விலகி நில்லுங்கள். தண்ணீர் ஊற்றவே கூடாது. கொதிக்கும் எண்ணெய்க்கு அடியில் போகும் தண்ணீர் ஒரே கணத்தில் நீராவியாகி, எரியும் எண்ணெயை நாலா பக்கமும் வீசியடிக்கும்.

தணலுக்குத் தண்ணீர், எண்ணெய்க்கு மூடி. குழப்பிக்கொள்ளாதீர்கள்.

உடையும் முக்கியம். துப்பட்டா, முந்தானை, தளர்ந்த கை எல்லாவற்றையும் இறுக்கிச் செருகிக்கொள்ளுங்கள். பாலியஸ்டர் ஜெர்ஸி, ட்ராக் பேன்ட் எரிவதோடு நிற்காது, உருகித் தோலில் ஒட்டும். பருத்தியும் தீப்பிடிக்கும், ஆனால் உருகி ஒட்டாது. காலில் மூடிய செருப்பு அல்லது ஷூ. குழந்தைகளுக்கு அடுப்பைச் சுற்றி ஒரு கோடு போட்டு "இதைத் தாண்டக் கூடாது" என்று சொல்லிவிடலாம். கோடு இருந்தாலும் ஒரு பெரியவர் கண் வைத்திருக்க வேண்டும். அந்தப் பெரியவர் அன்றிரவு குடிக்காதவராக இருப்பது நல்லது.

அடுப்பு மூட்டும் முன்பே இரண்டு வாளித் தண்ணீர் பக்கத்தில் வந்துவிட வேண்டும். ஒன்று அவசரத்துக்கு. இன்னொன்று கடைசியில் அணைப்பதற்கு. "அணைக்கத் தண்ணி இல்ல, மண்ணைப் போடு" என்ற நிலைமை வருவதே இரண்டாவது வாளியை மறப்பதால்தான்.

ராக்கெட் அடுப்பு வாங்கலாமா?

வாங்கலாம். 1980-களில் அமெரிக்காவின் லாரி வினியார்ஸ்கி உருவாக்கிய வடிவம் இது. விறகு நுழையும் வாயும் தீ மேலே ஏறும் குழாயும் சேர்ந்து ஆங்கில எழுத்து 'எல்' போல இருக்கும். குழாய்க்குள் சூடு கூடுவதால் காற்று வேகமாக இழுக்கப்பட்டு, புகையாகப் போக வேண்டிய வாயுவும் எரிந்துவிடுகிறது. சுள்ளியிலேயே சமைக்கலாம், விறகு குறைவு, புகை குறைவு.

புகை குறைவு என்றால் புகையே இல்லை என்று அர்த்தமில்லை. இதுவும் திறந்தவெளிக்குத்தான். உயரமாக இருப்பதால் பெரிய அண்டாவை ஏற்றினால் சாய வாய்ப்பு உண்டு. சமதளம் பார்த்து வையுங்கள்.

காட்டுக்குள் அடுப்பு மூட்டலாமா?

காப்புக்காடுகளுக்குள் அனுமதியில்லாமல் தீ மூட்டுவதும், தீயை எடுத்துச் செல்வதும் தமிழ்நாடு வனச் சட்டம் 1882-இன்படி குற்றம். சரணாலயங்களில் ஆபத்து விளைவிக்கும் வகையில் தீ மூட்டுவதையும், எரியும் தீயை விட்டுச் செல்வதையும் வனவிலங்கு பாதுகாப்புச் சட்டம் 1972-இன் 30-வது பிரிவு தடை செய்கிறது. ட்ரெக்கிங் போகிறவர்கள் சமைத்த உணவைக் கையில் எடுத்துப் போவதுதான் ஒரே வழி.

இதில் கெடுபிடி ஏன் என்று கேட்பவர்களுக்கு, 2018 மார்ச் 11 நினைவிருக்கலாம். தேனி மாவட்டம் குரங்கணி மலையில் ட்ரெக்கிங் சென்றவர்கள் காட்டுத்தீயில் சிக்கி, 20-க்கும் மேற்பட்டோர் உயிரிழந்தார்கள். காய்ந்த புல் மண்டிய சரிவில் தீ கீழிருந்து மேலே எவ்வளவு வேகமாக ஏறும் என்பதை அன்று தமிழ்நாடே பார்த்தது. மலையில் ஒரு தீ கிளம்பிவிட்டால் மனிதன் ஓடி ஜெயிக்க முடியாது. பிப்ரவரியிலிருந்து கோடை முடியும் வரை ஒரே ஒரு கங்கு போதும்.

காட்டை ஒட்டிய தனியார் எஸ்டேட், ரிசார்ட்டில் தங்கினாலும் அவர்கள் ஒதுக்கிய இடத்தில் மட்டும் மூட்டுங்கள். "நைட் நாங்க பார்த்துக்கிறோம் சார்" என்று ஊழியர் சொன்னாலும், தண்ணீர் ஊற்றும் வரை கூட இருந்து பாருங்கள்.

சுட்டுவிட்டால்?

* துணியில் தீப்பிடித்தால் ஓடாதீர்கள். ஓடினால் காற்று கிடைத்துத் தீ கூடும். கீழே படுத்து, முகத்தைக் கையால் மூடிக்கொண்டு உருளுங்கள். பக்கத்தில் இருப்பவர்கள் கனமான பருத்திப் போர்வையைப் போர்த்தலாம்.

* சுட்ட இடத்தை ஓடும் சாதாரணத் தண்ணீரில் 20 நிமிடம் காட்டுங்கள். குழாய் இல்லாவிட்டால் மக்கில் மொண்டு ஊற்றிக்கொண்டே இருங்கள். ஐஸ் வேண்டாம்.

* மோதிரம், வளையல், வாட்ச் எல்லாவற்றையும் வீக்கம் வரும் முன்பே கழற்றிவிடுங்கள். தோலில் ஒட்டிய துணியை மட்டும் பிய்க்காதீர்கள்.

* டூத்பேஸ்ட், இங்க், தோசை மாவு, மஞ்சள் எதுவும் பூச வேண்டாம். கொப்புளத்தை உடைக்காதீர்கள். சுத்தமான துணியால் தளர்வாக மூடுங்கள்.

* காயம் உள்ளங்கையைவிடப் பெரிதாக இருந்தாலோ, முகம், கை, கால், மூட்டு, பிறப்புறுப்பில் பட்டிருந்தாலோ, குழந்தை என்றாலோ உடனே மருத்துவமனை. சென்னையில் கீழ்ப்பாக்கம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் தீக்காயத்துக்கென்றே தனிப் பிரிவு இருக்கிறது.

ஆம்புலன்ஸ் 108, தீயணைப்பு 101, பொது அவசர உதவி 112. சிக்னல் இல்லாத இடத்துக்குப் போகிறீர்கள் என்றால், அடுப்பு மூட்டும் முன்பே பக்கத்தில் எங்கே சிக்னல் கிடைக்கிறது என்று பார்த்து வையுங்கள்.

கிளம்பும் முன் ஒரு நிமிடம்

அடுத்த வீக்எண்ட் ட்ரிப்புக்கான வாட்ஸ்அப் குரூப்பில் ஸ்க்ரீன்ஷாட் எடுத்துப் போட இதோ:

* இரண்டு வாளித் தண்ணீர், ஒரு இரும்பு வாளி, ஒரு இடுக்கி எடுத்தாச்சா?

* 10 அடிக்குச் சருகு கூட்டியாச்சா?

* பெட்ரோல், சானிடைசர் கிட்டத்தில் இல்லையே?

* எண்ணெய்ச் சட்டிக்கு மூடி இருக்கிறதா?

* தண்ணீர் ஊற்றி, கிளறி, தொட்டுப் பார்த்தாச்சா?

* அடுப்பும் கரியும் அறைக்கு வெளியே, டென்டுக்கு வெளியே இருக்கிறதா?

முதல் நான்கை யாராவது ஒருவர் எப்படியும் ஞாபகப்படுத்திவிடுவார். கடைசி இரண்டும் வரும்போது மணி இரவு பன்னிரண்டு ஆகியிருக்கும், எல்லோருக்கும் தூக்கம் வந்திருக்கும். எனவே இப்போதே ஒருவர் பெயரைப் போட்டு வையுங்கள்: சமைப்பவர் யார் என்று முடிவு செய்வது மாதிரி, அணைப்பவர் யார் என்றும் முன்கூட்டியே முடிவு செய்துவிடுங்கள்.